கோலசிலாங்கூர் வரலாற்று உலா

வரலாறு ஏட்டில் மட்டும் வாழ்வதன்று. மண்ணிலும் கல்லிலும், கடைத்தெருப் பெயர்ப்பலகையிலும், முதியோர் நாவிலும் அது வாழ்கிறது. வகுப்பறையில் அரசர் பெயர்களையும் ஆண்டுகளையும் மனனம் செய்யும் மாணவன், அவ்வரசர் துயிலும் இடத்தைக் கண்ணால் கண்ட பின்னர் அப்பாடத்தை எளிதில் மறப்பதில்லை. பழைய நகரங்களில் வழிகாட்டி ஒருவருடன் கால்நடையாகச் சென்று, பல இனத்தார் வாழ்ந்த தெருக்களைக் கண்டு வரலாறு கற்கும் வழக்கம் உலகெங்கும் பரவியிருப்பதற்கு இதுவே காரணம். மலாக்காவும் பினாங்கின் ஜார்ஜ் டவுனும் 2008ஆம் ஆண்டில் உலக மரபுடைமைப் பட்டியலில் இடம்பெற்ற பின்னர், நம் நாட்டிலும் இவ்வழக்கம் வலுப்பெற்றது.

அத்தகைய உலாவிற்கு ஏற்ற ஊர்களுள் ஒன்று கோலசிலாங்கூர். ஆயினும் இங்கு வருவோரின் உலா பெரும்பாலும் மெலாவத்தி மலையைச் சுற்றி, அதன் அடிவாரத்திலேயே முடிந்துவிடுகிறது. ஆற்றின் மேற்புறமாகச் சில கல் தொலைவு சென்றால் தொடங்கும் தோட்டப்புறங்களும், அங்கே தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த மக்களும் அவ்வுலாவில் இடம்பெறுவதில்லை. மலையையும் தோட்டத்தையும் ஒருங்கே காட்டும் உலா எவ்வாறு அமையலாம் என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மலையும் கோட்டையும்

சிலாங்கூர் ஆறு கடலோடு கலக்குமிடத்தில் எழுந்து நிற்கும் சிறு குன்றே மெலாவத்தி மலை. ஆற்றின் முகத்துவாரத்தைக் காத்து நிற்கும் இக்குன்றைக் கைக்கொண்டவர், உள்நாட்டிலிருந்து ஆற்றுவழி வந்த ஈயத்தையும் பிற விளைபொருள்களையும் தம் ஆணைக்கு உட்படுத்தலாம். கோலசிலாங்கூர் ஒரு காலத்தில் சிலாங்கூர் அரசின் தலைநகராக விளங்கியதன் அடிப்படை இதுதான்.

பூகிஸ் குலத்து டாயெங் செலாக்கின் மைந்தரான ராஜா லூமு, சுல்தான் சலேஹுதீன் என்னும் பெயருடன் சிலாங்கூரின் முதல் சுல்தானானார். அவருக்குப்பின் அரியணை ஏறிய சுல்தான் இப்ராஹிம், மலாக்காவிலிருந்த டச்சுக்காரரை எதிர்த்துப் போரிட்ட ராஜா ஹாஜிக்குத் துணை நின்றார். 1784ஆம் ஆண்டில் ராஜா ஹாஜி போர்க்களத்தில் வீழ்ந்தார். வெற்றி பெற்ற டச்சுக்காரர் அதே ஆண்டில் கோலசிலாங்கூர்க் கோட்டையைக் கைப்பற்றி, தம் தலைமை ஆளுநர் ஆல்திங்கின் பெயரால் அதற்கு ஆல்திங்ஸ்பர்க் என்று பெயரிட்டனர். பகாங்கிற்குச் சென்று படைத்துணை பெற்று வந்த சுல்தான் இப்ராஹிம், 1785ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் கோட்டையை மீட்டார். டச்சுக்காரரின் ஆட்சி இங்கு ஓராண்டுகூட நிலைக்கவில்லை.

அடுத்த நூற்றாண்டிலும் இக்குன்று போரைக் கண்டது. சிலாங்கூர் உள்நாட்டுப் போரின்போது, 1871ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் ‘ரினால்டோ’ என்னும் பிரித்தானியப் போர்க்கப்பல் இக்கோட்டையின்மீது குண்டு பொழிந்தது. முதல் மூன்று சுல்தான்களும் துயிலும் அரச கல்லறை மலைமீதே உள்ளது. மலையில் உள்ள கற்பாறை ஒன்றைக் காட்டி, அதன்மேல்தான் குற்றவாளிகளின் தலை கொய்யப்பட்டது என்றும் கூறுவர். மாணவரை அழைத்துச் செல்லும் ஆசிரியர், ஆவணம் கூறுவது இது, வாய்மொழி கூறுவது இது என்று இவ்விடத்தில் பிரித்துக் காட்டுதல் நலம். இரண்டுமே போற்றத்தக்கவை. ஆயினும் இரண்டும் ஒன்றல்ல.

கலங்கரை விளக்கம்

மலையுச்சியில் வெண்ணிறத்தில் ஓங்கி நிற்பது கலங்கரை விளக்கம். ஆல்திங்ஸ்பர்க் என்னும் டச்சுப் பெயரை அது தாங்கியிருப்பதால், டச்சுக்காரர் கட்டியதே என்று எண்ணுவோர் பலர். உண்மையில் அது பிரித்தானியர் காலத்தில், 1907ஆம் ஆண்டில் எழுந்த கட்டடம்.

இந்த 1907 என்னும் ஆண்டை ஆசிரியர் கரும்பலகையில் எழுதி, அதன் அருகில் மற்றொரு செய்தியையும் எழுதவேண்டும். தமிழகத்திலிருந்து தொழிலாளரைக் கொண்டுவருவதற்கெனத் தமிழர் குடியேற்ற நிதி தோற்றுவிக்கப்பட்டதும் அதே ஆண்டில்தான். இந்தியத் தொழிலாளரை வேலைக்கு அமர்த்திய முதலாளிமார் செலுத்திய வரியிலிருந்து, வருவோரின் கப்பற் செலவு கொடுக்கப்பட்டது. கங்காணிமார் தத்தம் ஊர்களுக்குச் சென்று உற்றாரையும் அயலாரையும் திரட்டினர். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறியோரில் பலர், பினாங்கைக் கடந்து, இக்கடலோரமாகவே தெற்கு நோக்கிச் சென்று சுவெட்டன்ஹாம் துறைமுகத்தில் இறங்கினர். அத்துறைமுகமே இன்றைய கிள்ளான் துறைமுகம்.

கடலில் விளக்கு ஏற்றப்பட்டதும், கரையில் ஆள் திரட்டப்பட்டதும் ஒரே பொருளாதார வளர்ச்சியின் இரு கூறுகள். ரப்பரின் விலை உயர்ந்து, காடுகள் தோட்டங்களாக மாறிய காலம் அது. இத்தொடர்பை எடுத்துரைக்கும்போது கலங்கரை விளக்கம் தமிழ் மாணவனுக்கு அயலான கட்டடமாக இராது.

கடைத்தெருவும் ஆற்றங்கரையும்

மலையை விட்டு இறங்கினால் பழைய கடைத்தெரு. கீழே கடையும் மேலே வீடுமாக அமைந்த சீனர் கட்டடங்கள், அவற்றின் முன் மழைக்கும் வெயிலுக்கும் ஒதுங்கத்தக்க நடைவழி. ஆற்றின் மறுகரையில் பாசிர் பெனம்பாங் என்னும் மீனவர் குடியிருப்பு. அங்கே படகும் வலையுமாக வாழ்வோர் பெரும்பாலும் சீனர். வடக்கே தஞ்சோங் காராங் பக்கம் நீரேறிய நெல்வயல்கள். அங்கு ஜாவாவிலிருந்தும் பஞ்சார் நாட்டிலிருந்தும் குடியேறியோரின் வழித்தோன்றல்கள் வாழ்கின்றனர். ஆகவே, மலாய்க்காரர் என்று நாம் ஒரு சொல்லில் அடக்கிவிடும் மக்களிடையேயும் கடல் கடந்து வந்த வரலாறு உண்டு.

கடைத்தெருவில் தமிழரின் சுவடு எங்கே என்று மாணவர் வினவலாம். அவர்களைத் தலைநிமிர்ந்து பெயர்ப்பலகைகளைப் படிக்கச் சொல்லுதல் வேண்டும். மலாய்மொழியில் ‘கெடாய்’ என்று எழுதப்பட்டிருக்கும் சொல், நம் ‘கடை’ என்னும் சொல்லே. சீனர் நடத்தும் கடையின் முகப்பில், மலாய்மொழிப் பலகையில், தமிழ்ச்சொல் ஒன்று வீற்றிருக்கிறது. ‘கப்பல்’ என்பதும் அவ்வாறே ‘காப்பால்’ என மலாயில் வழங்குகிறது. தோட்டங்கள் தோன்றுவதற்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே தமிழ் வணிகர் இக்கடலில் உலவினர் என்பதற்குச் சொற்களே சான்று. மூவினத்தாரின் வாழ்வு ஒரு பலகையில் ஒன்றுகூடி நிற்பதைக் காட்டிலும் சிறந்த பாடம் வேறு உண்டோ?

தோட்டத்துச் சாலை

இதுவரை கால்நடையாக வந்த உலா, இனி ஊர்தியின் துணையோடு ஆற்றின் மேற்புறம் செல்லவேண்டும். புக்கிட் ரோத்தான் வழியாகப் பழைய பத்தாங் பெர்ஜுந்தையை நோக்கிச் செல்லும் பாதை அது. 2007ஆம் ஆண்டில் பெஸ்தாரி ஜெயா என்று பெயர் மாற்றம் பெற்ற ஊர் அது. இப்பகுதியெங்கும் முன்னர் ரப்பர் மரங்களும் இப்பொழுது செம்பனை மரங்களும் அணிவகுத்தன.

ஒரு தோட்டத்துச் செம்மண் சாலையில் மாணவரை இறக்கி, சிறிது தூரம் நடக்கச் செய்யவேண்டும். விடியுமுன் பிரட்டுக்களத்தில் பெயர் கொடுத்துவிட்டு, வாளியும் உளியுமாகப் பால்மரக் காட்டிற்குள் சென்றோர் நடந்த சாலை அது. லயத்து வீடுகளும், ஆயாக் கொட்டகையும், கோயிலும், கள்ளுக்கடையும், பள்ளியும் அச்சாலையின் ஓரத்தில்தான் அமைந்தன. தோட்டத்துரையின் எதிரே சைக்கிளை ஓட்டிச் செல்லாமல் இறங்கி நிற்கவேண்டும் என்ற வழக்கமும் அத்தகைய சாலைகளில்தான் நிலவியது.

1941ஆம் ஆண்டில் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தனர். அது சிலாங்கூரின் பிற பகுதிகளுக்கும் பரவியது. அவர்தம் கோரிக்கைகளில் கூலி உயர்வு இருந்தது, சீனத் தொழிலாளருக்கு இணையான ஊதியம் இருந்தது. சைக்கிளிலிருந்து இறங்கும் இழிவழக்கத்தை ஒழித்தல், கள்ளுக்கடைகளை மூடுதல், பிள்ளைகளுக்குத் தகுந்த ஆசிரியர்களோடு கூடிய முறையான கல்வி ஆகியவையும் இருந்தன. தலைவர் ஆர்.எச். நாதன் மே மாதத்தில் கைது செய்யப்பட்டுப் பின்னர் நாடு கடத்தப்பட்டார். போராட்டம் படைபலத்தால் ஒடுக்கப்பட்டது. துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் சிலர் உயிர் துறந்தனர்.

கூலிக்காகப் போராடிய மக்கள், அதே மூச்சில் பள்ளிக்காகவும் போராடினர் என்பதைத் தமிழாசிரியர் மறத்தலாகாது. தோட்டங்களில் பள்ளி அமைக்க வேண்டும் என்று தொழிலாளர் சட்டம் முன்னரே விதித்திருந்தது. ஆயினும் பல தோட்டங்களில் கிராணியோ கங்காணியோ ஒழிந்த நேரத்தில் கற்பிக்கும் கொட்டகையாகவே பள்ளி இருந்தது. அந்நிலை மாறவேண்டும் என்று கேட்டவர்கள், தாம் எழுத்தறியாதவராயினும் எழுத்தின் அருமையை அறிந்தவர்கள்.

தென்னமரம்

பெஸ்தாரி ஜெயாவை அடுத்துள்ள தென்னமரம் தோட்டம் இவ்வுலாவின் மணிமுடி எனலாம். மலேசியப் பொருளாதாரத்தின் பெருந்தூண்களுள் ஒன்றான செம்பனை, வாணிக அளவில் முதன்முதலாகப் பயிரிடப்பட்ட இடம் அது. ஆண்டு 1917.

செம்பனையின் தாயகம் மேற்கு ஆப்பிரிக்கா. 1848ஆம் ஆண்டில் ஜாவாவின் போகோர்த் தாவரத் தோட்டத்தில் நான்கு கன்றுகள் நடப்பட்டன. அவற்றின் வழிவந்த மரங்கள் சுமத்திராவில் பரவின. அங்கிருந்து விதைகளைத் தருவித்து, சிலாங்கூர் ஆற்றங்கரையில் ரந்தாவ் பாஞ்சாங்கில் முதலில் வளர்த்தவர் ஹென்றி ஃபோக்கோனியே என்னும் பிரெஞ்சுக்காரர். பின்னர் அவரே தென்னமரத்தில் பெருந்தோட்டம் கண்டார். தமிழும் மலாயும் பயின்ற அவர், இம்மண்ணைக் களமாகக் கொண்டு எழுதிய ‘மலேசீ’ என்னும் நாவலுக்கு 1930ஆம் ஆண்டில் பிரான்சின் உயரிய கோன்கூர் பரிசைப் பெற்றார்.

ஆப்பிரிக்க மரம், சுமத்திரா விதை, பிரெஞ்சு முதலாளி, மலாய் மண். இவை ஒன்றுசேர்ந்த தோட்டத்தின் பெயரிலோ, ‘தென்னைமரம்’ என்னும் தமிழ்ச்சொல் ஒலிக்கிறது. செம்பனையின் முதல் தோட்டம் தென்னையின் தமிழ்ப்பெயரைத் தாங்கி நிற்பது வரலாற்றின் விந்தை. வரலாற்று நூல்கள் தோட்டம் கண்டவரின் பெயரைப் பொறித்து வைத்துள்ளன. குழி தோண்டிக் கன்று நட்டவர்களின் பெயர்கள் அவற்றில் இல்லை. அவர்கள் இருந்ததற்குச் சான்றாக அத்தோட்டத்தின் பெயரும், அப்பெயரைத் தாங்கும் தமிழ்ப்பள்ளியும் நிற்கின்றன.

பெயர்ப்பலகை என்னும் கல்வெட்டு

இவ்வட்டாரத் தமிழ்ப்பள்ளிகளின் பெயர்களை வரிசையாக எழுதிப் பார்த்தால் ஓர் உண்மை புலனாகும். தென்னமரம் தோட்டப் பள்ளி தமிழ்ப்பெயரைக் காக்கிறது. சிலாங்கூர் ரிவர் தோட்டப் பள்ளி, பொருள் வளத்தைச் சுமந்து வந்த ஆற்றை ஆங்கிலத்தில் நினைவூட்டுகிறது. கோல்பீல்ட்ஸ் தோட்டப் பள்ளியின் பெயர் நிலக்கரியைக் குறிப்பது. சிலாங்கூர் மாநிலத்தின் பத்து ஆராங்கில் 1915 முதல் 1960 வரை நிலக்கரி வெட்டப்பட்ட வரலாற்றை விளக்க அப்பெயரே வாயிலாகும். ராஜா மூசா தோட்டப் பள்ளி, மலாய் அரசகுடியினர் தாங்கும் பெயரைத் தமிழ்ப் பிள்ளைகளின் நாவில் வைத்துள்ளது. சுங்கை ரம்பை தோட்டப் பள்ளியின் பெயரில் மலாய் நாட்டு ஓடையும் கனிமரமும் உள்ளன. பல இனத்தார் கூடி வாழ்ந்த வரலாற்றை அறிய வேறு பட்டயம் தேடவேண்டியதில்லை.

தோட்டங்கள் துண்டாடப்பட்டன. ரப்பர் வீழ்ந்து செம்பனை எழுந்தது. செம்பனையும் பல இடங்களில் வீடமைப்புத் திட்டங்களுக்கு வழிவிட்டது. லயங்கள் இடிந்தன. மக்கள் நகர்ப்புறம் பெயர்ந்தனர். நாட்டில் பல தமிழ்ப்பள்ளிகள் தோட்டத்தை விட்டு வேறிடம் சென்ற பின்னரும், ‘தோட்டம்’ என்னும் சொல்லைத் தம் பெயரில் காத்து வருகின்றன. அச்சொல் தாழ்வின் அடையாளம் என்று கருதி நீக்க விரும்புவோரும் உளர். அவர்தம் எண்ணத்தின் பின்னுள்ள வலியை உணரலாம். ஆயினும் தோட்டமே மறைந்துவிட்ட இடத்தில், அது இருந்ததைக் கூறும் இறுதிக் கல்வெட்டு அப்பெயரே. கல்வெட்டைச் சிதைத்தபின் வரலாற்றைத் தேடுவது வீண்.

ஆசிரியர் கடமை

மலைமேல் உள்ள வரலாற்றைக் காக்கச் சுல்தான்களின் கல்லறை உண்டு, அருங்காட்சியகம் உண்டு. தோட்டத்து வரலாற்றைக் காக்க அத்தகைய நிலையம் இவ்வழியில் இல்லை. அப்பொறுப்பு பள்ளிக்கூடத்தின்மீதே விழுகிறது.

ஒவ்வொரு பள்ளியும் ஆண்டுக்கொரு முறை இவ்வுலாவை நடத்தலாம். செல்லுமுன் மாணவர் தத்தம் பாட்டன் பாட்டியிடம் மூன்று வினாக்களைக் கேட்டு விடை எழுதட்டும்: எந்தத் தோட்டம்? என்ன வேலை? எந்த ஆண்டில் வெளியேறினீர்கள்? பழைய வருகைப் பதிவேடுகளையும், கோயில் திருவிழா அழைப்பிதழ்களையும், நிழற்படங்களையும் திரட்டிப் பள்ளி நூலகத்தில் ஒரு மூலையில் வைக்கலாம். தோட்டங்களுக்குத் தமிழர் தாமே இட்டு வழங்கிய பெயர்கள் முதியோர் நாவோடு மறைந்துகொண்டிருக்கின்றன. அவற்றைத் திரட்டுவது முதற்பணி.

அவ்வாறு திரட்டியபின் மேல்வகுப்பு மாணவரே உலாவின் வழிகாட்டிகளாக நிற்கலாம். மெலாவத்தி மலையில் சுல்தான் இப்ராஹிமின் வீரத்தை எடுத்துரைக்கும் தமிழ் மாணவன், தென்னமரத்திற்கு வரும் மலாய், சீன மாணவர்க்குத் தன் பாட்டியின் உழைப்பையும் எடுத்துரைப்பான். பிறர் வரலாற்றை மதித்துக் கேட்கவும், தன் வரலாற்றை நாணமின்றிச் சொல்லவும் அவன் கற்றுக்கொண்டால், அந்த உலா பயன் தந்ததாகும்.