கொடியில் சோளிங்கர், கொடிக்கு வெளியே புள்ளலூர்

ஸ்காட்லாந்தின் ‘ஹைலேண்ட் லைட் இன்ஃபன்ட்ரி’ ரெஜிமெண்ட் பெற்ற போர் விருதுகளில் நம் ஊர் ஒன்றின் பெயர் இருக்கிறது: சோளிங்கர். மலைமேல் யோக நரசிம்மர் வீற்றிருக்கும் அதே சோளிங்கர்தான். வென்ற போர்களின் பெயர்களைக் கொடியில் பொறித்துக்கொள்வது பிரிட்டிஷ் படைகளின் வழக்கம். ஆனால் தோற்ற களத்துக்கு அந்தக் கொடியில் இடமில்லை. காஞ்சிபுரத்துப் பிள்ளைகளுக்குப் பல காலம் வரலாறு சொல்லிக்கொடுத்தவன் என்ற முறையில், விடுபட்ட ஊரான, காஞ்சிபுரத்துக்கு அருகிலுள்ள புள்ளலூரைச் சேர்த்தே இந்தப் படையின் கதையைச் சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன்.

கதை ஒரு குடும்பச் சொத்தில் தொடங்குகிறது. 1745இல், அரியணை இழந்த ஸ்டூவர்ட் வம்சத்துக்காக பிரிட்டிஷ் அரசை எதிர்த்து எழுந்தவர்களில் குரோமார்ட்டி பிரபுவும் அவர் மகன் மெக்லியோட் பிரபுவும் இருந்தார்கள். கிளர்ச்சி தோற்றது. தந்தைக்கு விதித்த மரண தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது, நிலங்கள் பறிபோயின. மன்னிப்புப் பெற்ற மகன் ஸ்வீடன் படையில் சேர்ந்து பல ஆண்டுகளை அங்கேயே கழித்தார். ஊர் திரும்பியவர், 1777இல் அதே பிரிட்டிஷ் அரசுக்காக ஒரு ரெஜிமெண்டைத் திரட்ட முன்வந்தார். அதுதான் பின்னாளில் ‘ஹைலேண்ட் லைட் இன்ஃபன்ட்ரி’யின் பகுதியானது. ஸ்காட்லாந்தின் மலைநாடான ஹைலேண்டின் குடியானவர்களின் பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் வந்து சேர்ந்தார்கள். கிளர்ச்சிக்குப் பின் அவர்களுடைய பாரம்பரிய உடையை அரசு தடைசெய்திருந்தது. ராணுவத்தில் இருப்பவனுக்கு மட்டும் விலக்கு. அப்பன் உடுத்த முடியாததை மகன் பட்டாளத்தில் உடுத்தினான். தடை நீங்கியது 1782இல்தான்.

73 என்ற எண்ணைப் பெற்ற அந்தப் படை 1780 ஜனவரியில் சென்னையில் வந்து இறங்கியது. அந்த ஆண்டு ஜூலையில் மைசூரை ஆண்ட ஹைதர் அலி, கர்நாடிக் எனப்பட்ட ஆற்காடு நவாபின் நாட்டுக்குள் புகுந்தார். கிழக்கிந்தியக் கம்பெனியின் அதிகாரி கர்னல் பெய்லியின் படை வடக்கிலிருந்து காஞ்சிபுரத்தை நோக்கி வந்துகொண்டிருந்தது. அவருக்குத் துணையாகப் போன பிரிவில் 73ஆம் ரெஜிமெண்டின் இரண்டு கம்பெனிகளும் கேப்டன் டேவிட் பெயர்டும் இருந்தார்கள். செப்டம்பர் 10 அன்று புள்ளலூர் அருகே ஹைதரும் அவர் மகன் திப்புவும் அவர்களைச் சூழ்ந்துகொண்டார்கள். வெடிமருந்து வண்டிகள் வெடித்துச் சிதறியதும் போர் கைமீறிப் போனது. ஜெனரல் ஹெக்டர் மன்ரோ காஞ்சிபுரத்தில்தான் இருந்தார், அவரும் ஒரு ஹைலேண்ட்காரர். உரிய நேரத்தில் உதவிக்குப் போய்ச் சேரவில்லை. பெரிய பீரங்கிகளைக் குளத்தில் தள்ளிவிட்டுச் செங்கல்பட்டு வழியாகப் பின்வாங்கினார். சிறைபிடிக்கப்பட்ட பெயர்ட் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் மூன்றரை ஆண்டு விலங்கோடு கிடந்தார். பெய்லி சிறையிலேயே இறந்தார்.

அடுத்த ஆண்டு ஜூலை 1 அன்று பரங்கிப்பேட்டையில் காற்றுத் திரும்பியது. குண்டு மழைக்கு நடுவே ரெஜிமெண்டின் பைப்பர் (பேக்பைப் குழல் வாசிப்பவர்) வாசிப்பை நிறுத்தவே இல்லையாம். மனம் நெகிழ்ந்த பிரிட்டிஷ் தளபதி சர் அயர் கூட், வெள்ளியில் ஒரு பேக்பைப் செய்துகொள்ள 50 பவுண்டு கொடுத்தாராம். அந்தப் படையினர் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி மகிழ்ந்த கதை இது. செப்டம்பர் 27இல் சோளிங்கர் வெற்றி. 1784இல் மெக்லியோட் பிரபுவுக்குக் குடும்ப நிலம் திரும்பக் கிடைத்தது. அந்த நிலத்துக்கான விலையில் ஒரு பங்கு நம் வயல்களில் சிந்திய ரத்தம் என்றே நான் கொள்கிறேன்.

விலை கொடுத்தவர்கள் ஸ்காட்லாந்துக்காரர்கள் மட்டுமல்ல. பெய்லியின் படையில் இருந்த ஏறத்தாழ 3,800 பேரில் மிகப் பெரும்பான்மையோர் தமிழும் தெலுங்கும் பேசிய கம்பெனிச் சிப்பாய்கள். சோளிங்கர் விருது பிற்காலத்தில் மதராஸ் காலாட்படைக்கும் கிடைத்தது உண்மை. ஆனால் அந்தச் சிப்பாய்களுக்கு, வெள்ளிக் குழல் கதைபோலத் தலைமுறை கடந்து சொல்லப்பட்ட கதை ஏது? ஊர்க்காரர்களும் விலை கொடுத்தார்கள்: இந்தப் போரில் ஊர்கள் எரிந்தன, குளங்கள் உடைந்தன, பஞ்சம் வந்தது. பசியோடு சென்னைக்கு ஓடிவந்தவர்களுக்குக் கஞ்சி ஊற்ற 1782இல் மணியக்காரர் சத்திரம் ஏற்பட்டது. அதன் வழிவந்த ஸ்டான்லி மருத்துவமனையை வடசென்னைப் பெரியவர்கள் இன்றும் ‘கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி’ என்கிறார்கள். எந்தப் போரால் அந்தக் கஞ்சி காய்ச்ச நேர்ந்தது என்பதை அவர்களுடைய பேரப்பிள்ளைகள் அறிய வேண்டும்.

1786இல் 71 என்று எண் மாறி, பின்னர் வேறு படைகளோடு இணைந்து இணைந்து, 2006இல் அந்த ரெஜிமெண்ட் ஸ்காட்லாந்து ராயல் ரெஜிமெண்டுக்குள் கலந்துவிட்டது. பழைய பெருமைகளை அவர்கள் பத்திரமாகப் பேணுகிறார்கள். அந்த அக்கறையை நான் மதிக்கிறேன். நமக்கும் அந்த அக்கறை வேண்டும். 1781இல் புள்ளலூரிலேயே நடந்த அடுத்த போரில் மாண்ட பிரிட்டிஷ் அதிகாரிகள் இருவருக்கு அங்கே நினைவுத் தூண்கள் இருக்கின்றன. அவற்றின் பக்கத்தில் சிப்பாய்களுக்கும், பஞ்சத்தில் மடிந்த ஊர்க்காரர்களுக்கும் தமிழில் எழுதிய ஒரு கல்லை நாம் நட வேண்டும்.