எடிட்டர் வெட்டிய வரலாறு
1948 ஜூன் 16. பேராக், சுங்கை சிப்புட் தோட்டங்களில் மூன்று ஐரோப்பியத் துரைமார்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். மலாயாவில் அவசரகாலம் வந்தது. 1946இல் தொடங்கிய மலாயா திரைப்படப் பிரிவு அந்தப் போராட்டத்தைப் படமாக்கியது. காட்சி ஒன்றுதான், மலாய், ஆங்கிலம், சீனம், தமிழ் என்று குரல் மட்டும் மாறும். வேனில் வந்து தோட்டங்களில் திரை கட்டிக் காட்டினார்கள். பால்மரம் சீவியவர்கள் பார்த்தது, அரசு விரும்பியபடி எடிட்டர் கோத்த காட்சிகளைத்தான்.

2006இல் அமீர் முகமது எடுத்த ‘லெலாக்கி கொமுனிஸ் தெராக்கிர்’ ஆவணப்படம், சித்தியவானில் பிறந்த சின் பெங்கின் கதை. ஆனால் அவர் முகமே அதில் இல்லை! தணிக்கைக் குழு ஒரு காட்சியையும் வெட்டாமல் அனுமதித்தது. பிறகு உள்துறை அமைச்சு படத்தையே தடை செய்தது.

அன்று எடிட்டர் வெட்டினார். இன்று முழுப் படமும் வெட்டுப்பட்டது. திரையில் வராததையும் கேட்டால்தானே அது வரலாறு?