தாய்வீட்டின் சான்று

கல்முனையிலிருந்து கிட்டங்கித் தாம்போதியைக் கடந்து சவளக்கடைப் பக்கம் செல்வோர், தமிழ் ஊர்களும் முஸ்லிம் ஊர்களும் வயல்களினிடையே அடுத்தடுத்து அமைந்திருத்தலைக் காண்பர். மொழி ஒன்று, சமயம் வேறு. இக்கரையோர முஸ்லிம்களின் மரபு யாது என்னும் வினாவுக்கு விடை எங்குத் தேடப்பட்டது, எங்குத் தேடப்படவில்லை என்பது ஆராயத்தக்கது.

இலங்கைச் சோனகர் இனத்தால் தமிழரே என்று பொன்னம்பலம் இராமநாதன் 1888இல் வாதிட்டார். ஐ. எல். எம். அப்துல் அஸீஸ் 1907இல் அதனை மறுத்து, அராபிய முன்னோரை வலியுறுத்தினார். இடையே, 1889இல் சட்டநிரூபண சபையில் முஸ்லிம்களுக்குத் தனி ஆசனம் வழங்கப்பட்டது. எனவே இவ்விவாதம் வெறும் இனவரலாற்று ஆராய்ச்சியன்று. பிரதிநிதித்துவம் பற்றிய போட்டியுமாகும். முன்னோர் எங்கிருந்து வந்தனர் என்பதையே இருதரப்பும் முதன்மைப்படுத்தின.

கீழ்க்கரையின் சான்று வேறுவகையானது. போர்த்துக்கேயரால் வெளியேற்றப்பட்ட முஸ்லிம்களுள் ஏறத்தாழ 4,000 பேரைக் கண்டி மன்னன் செனரத் 1626இல் மட்டக்களப்புப் பகுதியிற் குடியேற்றினான் என்பது வரலாறு. திமிலரை வெல்ல முக்குவருக்குத் துணைநின்ற முஸ்லிம்கள் முக்குவப் பெண்களை மணந்தனர் என்பது மரபுக்கதை. கதையை வரலாறாகக் கொள்ளுதல் பொருந்தாது. எனினும் அது சுட்டும் உறவை இன்றும் நிலவும் குடிமுறை தாங்கி நிற்கிறது. பிள்ளை தாயின் குடியையே சேரும். மகளுக்கு வீடு சீதனமாகும். மருமகன் அவ்வீட்டிற் குடிபுகுவான். கோயிலில் வண்ணக்கரும் பள்ளிவாசலில் மரைக்காயரும் குடிகளின் சார்பிற் பொறுப்பேற்பர். நூர் யல்மன் 1967இலும், அக்கரைப்பற்றிற் கள ஆய்வு செய்த டெனிஸ் மக்கில்வ்றே 2008இலும் வெளியிட்ட நூல்கள் இவ்வொப்புமையை விரிவாக எடுத்துரைக்கின்றன. தந்தைவழியால் இஸ்லாமிய உலகோடும், தாய்வழியால் இம்மண்ணோடும் ஒருவர் ஒருங்கே உரிமை கொண்டாடுதல் இங்கு முரணாகாது.

குடிமதிப்பு ஒருவரை ஓர் இனத்துள் அடக்கிவிடும். தாய்வீட்டின் நினைவை அது பதிவதில்லை. அத்தகைய நினைவைச் சான்றாக்கவல்லது தன்வரலாற்று ஆவணப்படம். 1983 வன்செயலின்போது சிறுவனாயிருந்த ஜூட் இரத்தினம், தம் குடும்பத்தாரின் அனுபவங்களையும் அச்சத்தையும் படமாக்கினார். ‘டீமன்ஸ் இன் பாரடைஸ்’ என்னும் அப்படம் 2017இற் கான் விழாவிலே திரையிடப்பட்டது. தம் சமூகத்தின் குற்றங்களையும் மறைக்காது வினவியமையே அதன் சிறப்பு. பிறரைக் குற்றஞ்சாட்டுதல் எளிது. சொந்த வீட்டை விசாரித்தல் அரிது.

இவ்வகைப் படத்துக்குக் கீழ்க்கரையில் இன்றியமையாத தேவை உண்டு. 1985ஆம் ஆண்டுக் கலவரங்களும், 1990 ஆகஸ்ட் 3இற் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் நிகழ்ந்த படுகொலையும் அயலவரைப் பகைவராக்கின. அதற்கு முந்திய காலத்தை அறிந்த மூதாட்டியர் மறையுந்தோறும் உறவின் சான்றும் குறைகிறது. நினைவு பிழைபடலாம், படத்தொகுப்பும் தெரிவுக்குட்பட்டதே. ஆதலாற் பாட்டியின் வாய்மொழியைச் சீதன உறுதியோடும் பள்ளிவாசற் குறிப்போடும் ஒப்புநோக்குதல் ஆய்வாளன் கடன். தழுவிய உறவும் இழைத்த தீங்கும் ஒருசேரப் பதியப்படவேண்டும். ஒன்றை மட்டும் காட்டும் படம் புகழுரையாகும், அல்லது குற்றப்பத்திரமாகும், வரலாறாகாது.