கொள்ளைப் பொருளும் கலிமா பொறித்த வெள்ளியும்

பக்தாதில் கலீஃபா ஹாரூன் ரஷீத் ஆட்சி செலுத்திய காலம். கி.பி. 793இல் (ஹிஜ்ரி 177) வட ஐரோப்பியக் கடலோடிகளான வைக்கிங்குகள் இங்கிலாந்தின் லிண்டிஸ்ஃபார்ன் மடாலயத்தைச் சூறையாடினர். இத்தகைய தாக்குதல்கள் அதன்பின் பல தலைமுறைகள் நீடித்தன. கொள்ளையிட்ட பொருளை அவர்கள் என்ன செய்தனர்?

முதல் வழி, பறித்ததை உரியவரிடமே விற்பது. 858இல் பாரிஸ் அருகிலுள்ள செயின்ட் டெனி மடத்தின் தலைவர் லூயியைப் பிடித்துச் சென்று, 686 பவுண்டு பொன்னும் 3,250 பவுண்டு வெள்ளியும் பெற்றே விடுவித்தனர். 9ஆம் நூற்றாண்டில் ஆல்ஃபிரட் என்னும் ஆங்கிலேயப் பிரபு, அவர்கள் கவர்ந்து சென்ற வேதநூல் ஏடொன்றைப் பொன் கொடுத்து மீட்டார். அவ்வேட்டிலேயே இச்செய்தி எழுதப்பட்டுள்ளது.

இரண்டாவது வழி, வெள்ளிப் பாத்திரங்களையும் அணிகலன்களையும் துண்டுகளாக வெட்டி, தராசில் நிறுத்துப் பணமாகப் பயன்படுத்துவது. வெட்டிய பின் அது யாருடைய பொருள் என்று எவராலும் கூற இயலாது.

மூன்றாவது வழியே மிகக் கொடியது. அது மனிதர்களை விற்பது. கலீஃபா முக்ததிரின் தூதுக்குழுவில் சென்ற இப்னு ஃபள்லான், 922இல் வோல்கா நதிக்கரையில் ரூஸ் எனப்பட்ட வடபுல வணிகர்களைக் கண்டார். விற்பனைக்கெனப் பெண்ணடிமைகளையும் சேபிள் தோல்களையும் கொண்டு வந்திருந்த அவர்கள், தீனாரும் திர்ஹமும் நிறைந்த, பேரம் பேசாத வணிகன் ஒருவன் வரவேண்டுமென மரச்சிலையிடம் வேண்டினர் என்று அவர் எழுதுகிறார். அவர்களுடைய தூய்மையின்மையை அவர் விரிவாகக் கண்டிக்கிறார். ஆயின் அப்பெண்கள் எங்கிருந்து பிடிக்கப்பட்டவர்கள் என்பதை எழுதவில்லை.

1999இல் ஸ்வீடனின் காட்லாண்ட் தீவில், ஸ்பில்லிங்ஸ் என்னும் பண்ணையில் சுமார் 67 கிலோ வெள்ளிப் புதையல் கிடைத்தது. அதிலிருந்த 14,000க்கும் மேற்பட்ட நாணயங்களில் பெரும்பாலானவை இஸ்லாமிய நாடுகளின் திர்ஹம்கள். வைக்கிங்குகள் பக்தாதைக் கொள்ளையிட்டதில்லை. வாணிகத்தின் வழியாகவே அவ்வெள்ளி வடக்கே சென்றது. ஏகத்துவக் கலிமா பொறித்த நாணயமே, பறிக்கப்பட்ட மனிதருக்கும் விலையாயிற்று என்பது நாம் மறைக்கக் கூடாத உண்மை.

கண்ணியத்திற்குரிய ஜமாஅத்தார்களே! வாளேந்தியவன் மட்டும் கொள்ளையை வளர்க்கவில்லை. வழி கேளாமல் விலை மட்டும் கேட்டவனும் வளர்த்தான். திருடப்பட்டது என அறிந்த பொருளை வாங்குவது மார்க்கத்தில் ஆகுமானதன்று. மலிவாகக் கிடைக்கும் பொருளின் முன் நிற்கும்போது, அது எவ்வழியில் வந்தது என்று கேட்கும் துணிவை அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.