ஹரா கசுவோ

ஹரா கசுவோ (பிறப்பு 1945) ஜப்பானின் தனித்தியங்கும் ஆவணப்பட இயக்குநர்களில் முதன்மையானவர். யமகுச்சி மாவட்டத்து உபே நகரில் பிறந்தார். டோக்கியோவில் புகைப்படக் கல்வியைப் பாதியில் விட்டு, உடற்குறையுள்ள குழந்தைகளின் பள்ளியில் உதவியாளராக இருந்தார். அவருடைய கலை அங்கேதான் வேர்கொண்டது. 1972இல் கோபயாஷி சச்சிகோவுடன் சேர்ந்து ஷிஸ்ஸோ புரொடக்‌ஷன்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். பின்னாளில் அவருடைய மனைவியான சச்சிகோவே பெரும்பாலான படங்களுக்குத் தயாரிப்பாளர்.

அவ்வாண்டே வந்த முதற்படம் ‘குட்பை சிபி’. பெருமூளை வாதம் (சிபி) உள்ளவர்களின் ‘அவோய் ஷிபா’ இயக்கத்தாரைப் பற்றிய கறுப்பு வெள்ளைப் படம் இது. இயக்கத்தின் முன்னணியாளரும் கவிஞருமான யொகொதா ஹிரோஷி சக்கர நாற்காலியை மறுத்து, நெரிசல் மிகுந்த சாலையை முழங்காலால் ஊர்ந்து கடக்கிறார். உதவிநிதி உண்டியலில் காசு போட்டவர்களிடம் ஏன் போட்டீர்கள் என்று ஒலிவாங்கி நீட்டிக் கேட்கப்படுகிறது. பலரும் திணறுகிறார்கள். குழறலான பேச்சுக்கு ஹரா எழுத்து வரி சேர்க்கவில்லை. காது கொடுத்துக் கேட்கும் உழைப்பு பார்வையாளருடையது என்பது அவர் முடிவு. படப்பிடிப்பை நிறுத்தச் சொல்லி யொகொதாவின் மனைவி சண்டையிடுவதும் படத்தில் இருக்கிறது. ஊனத்தைக் காட்சிப் பொருளாக்கியதாகச் சொல்லப்படும் குறை இதற்குப் பொருந்தாது. இரக்கத்தை ஏற்க மறுத்தவர்கள் கேமராவைத் தம் ஆயுதமாக்கிக்கொண்ட படம் இது.

‘எக்ஸ்ட்ரீம் பிரைவேட் ஈரோஸ்’ (1974) ஹராவைப் பிரிந்து ஒகினாவா சென்ற முன்னாள் துணைவி தகேதா மியுகியைத் தொடர்கிறது. அவர் யார் உதவியுமின்றித் தனியே பிள்ளை பெறுவதை ஹரா ஒரே நீள்காட்சியாக எடுத்தார். பதற்றத்தில் குவியம் தப்பியது. மங்கலான அக்காட்சியை அப்படியே வைத்தது நேர்மையான செயல்.

புகழின் உச்சம் ‘தி எம்பரர்ஸ் நேக்கட் ஆர்மி மார்ச்சஸ் ஆன்’ (1987). 1969இல் பேரரசர் ஹிரோஹிதோவை நோக்கிப் பச்சிங்கோ விளையாட்டுக் குண்டுகளைக் கவணால் எறிந்து சிறை சென்ற முன்னாள் படைவீரர் ஒகுசாகி கென்சோ இதன் நாயகர். நியூகினியில் போர் முடிந்த பிறகும் சொந்தப் படையினர் இருவர் ஏன் சுட்டுக் கொல்லப்பட்டனர் என்று கேட்டு அவர் முதிய அதிகாரிகளின் வீட்டுக் கதவுகளைத் தட்டுகிறார். மழுப்பியவர்களை அடிக்கிறார். பசியில் மனித இறைச்சி தின்ற செய்தி மெல்ல வெளியாகிறது. பின்னர் ஓர் அதிகாரியின் மகனைச் சுட்டு, மீண்டும் சிறை சென்றார். கேமராதான் அவரைத் தூண்டியது என்பார் உண்டு. ஆனால் அவருடைய சீற்றம் படத்துக்கு மிக முந்தியது.

எழுத்தாளர் இனோவே மித்சுஹாருவின் இறுதிக் காலத்தையும் அவர் தம்மைப் பற்றிப் புனைந்த பொய்களையும் ‘எ டெடிக்கேட்டட் லைஃப்’ (1994) ஆராய்கிறது. பின்னர் கல்நார் ஆலைத் தொழிலாளர்கள், மினமாதா பாதரச நோயாளிகள் ஆகியோரின் நீண்ட வழக்குகளைப் படமாக்கினார். ‘மினமாதா மண்டலா’ (2020) ஆறு மணி நேரத்துக்கும் மேல் ஓடுவது.