செனோடைம்: எழுத்து மாறி நிலைத்த பெயர்

செனோடைம் என்பது இட்ரியம் என்ற தனிமத்தின் பாஸ்பேட் கனிமம். தூய நிலையில் அதன் வேதியியல் மிக எளிது. ஓர் இட்ரியம் அணுவுக்கு ஒரு பாஸ்பரஸ், நான்கு ஆக்சிஜன்; எடையில் 61 விழுக்காட்டுக்குச் சற்று மேல் இட்ரியம் ஆக்சைடு. ஆனால் அவ்வளவு தூய்மையான செனோடைம் ஆய்வுக்கூடத்தில்தான் கிடைக்கும். மண்ணிலிருந்து எடுக்கும் துணுக்குகளில் இட்ரியத்தின் இடங்கள் சிலவற்றை டிஸ்புரோசியம், எர்பியம், இட்டெர்பியம் போன்ற கன அருமண் தனிமங்கள் பிடித்திருக்கும். யுரேனியமும் தோரியமும் சிறிதளவு புகுந்திருப்பதால் இக்கனிமத்துக்குக் கதிரியக்கம் உண்டு.

பார்வைக்கு இது ஆளை ஏமாற்றும். மஞ்சள் கலந்த பழுப்பு, செம்பழுப்பு, சில சமயம் பச்சைச் சாயல். கண்ணாடிக்கும் பிசினுக்கும் இடைப்பட்ட பளபளப்பு. நாற்சதுரப் பட்டகமாக நீண்டு முனையில் கூம்பும் படிகம். சிர்க்கான் கனிமமும் ஏறக்குறைய இதே தோற்றம் கொண்டது. இரண்டையும் பிரித்தறியக் கத்தி முனையே போதும். செனோடைமின் கடினத்தன்மை மோஸ் அளவுகோலில் 4 முதல் 5 வரை, ஆகவே எஃகுக் கத்தி கீறிவிடும். 7.5 கடினமுள்ள சிர்க்கானில் அந்தக் கத்தி ஒரு கோடுகூடப் போட முடியாது.

இதை அரிய கனிமம் என்று சொல்வதில் ஒரு நுட்பம் இருக்கிறது. கருங்கல், நைஸ், பெக்மடைட் பாறைகள் உள்ள நாடுகள் பலவற்றில் செனோடைம் உண்டு. ஆனால் பெரும்பாலும் நுண்ணோக்கி இல்லாமல் காண முடியாத துகள்களாகவே உண்டு. விரல் நுனியளவு நல்ல படிகம் கிடைத்தால் அது அருங்காட்சியகத்துக்குரிய பொருள். வெட்டியெடுக்கும் அளவுக்கு அது ஓரிடத்தில் திரண்ட நிலங்கள் உலகிலேயே சில.

பெயரின் கதை சுவீடனில் தொடங்குகிறது. 1815-இல் யோன்ஸ் யாக்கப் பெர்செலியஸ், ஃபாலுன் நகரச் செம்புச் சுரங்கப் பகுதியில் கிடைத்த கனிமங்களை ஆய்ந்துகொண்டிருந்தார். முப்பதுகளின் நடுவிலேயே ஐரோப்பாவின் முன்னணி வேதியியலர்களில் ஒருவராகியிருந்தவர் அவர். 1803-இல் வேதியியலர் ஹிசிங்கருடன் சேர்ந்து சீரியத்தைக் கண்டறிந்தவர். இன்று பள்ளிப் பிள்ளைகள் எழுதும் எழுத்துக் குறியீடுகளால் தனிமங்களைக் குறிக்கும் முறையை வகுத்தவர். அந்தக் கனிமங்களில் ஒன்றில் வெள்ளையான ஒரு பொருள் அவர் கண்ணில் பட்டது. அதுவரை அறியாத ஒரு தனிமத்தின் ஆக்சைடாக அது இருக்க வேண்டும் என்று கருதினார். வடநாட்டுத் தொன்மங்களில் இடிக்கு உரிய தெய்வமான தோர் பெயரால் அதற்குத் தோரியம் என்று பெயரிட்டார்.

ஒன்பது ஆண்டுகள் கழிந்தன. தெற்கு நார்வேயில் ஹித்ரா தீவுப் பகுதியிலிருந்து அதே வகைக் கனிமம் மீண்டும் கைக்கு வந்தபோது, பெர்செலியஸ் ஆய்வை முதலிலிருந்து தொடங்கினார். 1824-இல் வந்த முடிவு வேறாக இருந்தது. புதுத் தனிமம் என்று எண்ணியது ஏற்கெனவே அறிந்த இட்ரியம். அது பாஸ்பாரிக் அமிலத்துடன் சேர்ந்து பாஸ்பேட்டாக இருந்ததால் அடையாளம் தப்பியிருக்கிறது. தம் முந்தைய முடிவைத் தாமே திரும்பப் பெற்றார். வேறு யாரும் சுட்டிக்காட்டி நேர்ந்த திருத்தம் இல்லை இது.

தோரியம் என்ற பெயர் பொருளின்றிக் கிடந்தது, ஐந்தே ஆண்டுகள். 1828-இல் நார்வேயின் லோவோயா தீவில் மோர்ட்டன் திரானே எஸ்மார்க் என்ற பாதிரியார் ஒரு கரிய கல்லைக் கண்டெடுத்தார். அதை அவர் கிறிஸ்டியானியாவில், அதாவது இன்றைய ஓஸ்லோவில், பேராசிரியராக இருந்த தம் தந்தை யென்ஸ் எஸ்மார்க்கிடம் கொடுத்தார். தந்தைக்கும் அது புரிபடவில்லை. பெர்செலியஸுக்கு அனுப்பி வைத்தார். இம்முறை அதில் இருந்தது உண்மையிலேயே புதிய தனிமம். 1829-இல் அதை அறிவித்த பெர்செலியஸ், கைவிட்ட பழைய பெயரையே எடுத்து அதற்குச் சூட்டினார். அந்தக் கரிய கல் தோரைட் என்று அழைக்கப்படுகிறது.

இவ்வளவும் முடிந்த பிறகுதான் பிரெஞ்சுக் கனிமவியலர் பிரான்சுவா சுல்பிஸ் பெதான் வருகிறார். 1832-இல் வெளியான தம் கனிமவியல் பாடநூலில் இட்ரியம் பாஸ்பேட்டுக்கு ஒரு கிரேக்கப் பெயரைக் கொடுத்தார். கெனோஸ் என்றால் வெறுமையான, வீணான. திமே என்றால் மதிப்பு, பெருமை. இரண்டும் சேர்ந்தால் வீண்பெருமை. இல்லாத தனிமத்தைக் கண்டதாகச் சொல்லிக்கொண்டவருக்கு ஒரு குத்து. அந்த விளக்கத்தின்படி கனிமத்தின் பெயர் கெனோடைம் என்றே இருந்திருக்க வேண்டும். அச்சில் முதலெழுத்து மாறியது. கெனோஸ் இருந்த இடத்தில் க்செனோஸ் வந்து அமர்ந்தது; அதற்குப் பொருள் அயலான், விருந்தினன். வீண்பெருமை என்ற பழிச்சொல், அயலாருக்குரிய மதிப்பு என்று படிக்கத்தக்க சொல்லாயிற்று. கனிமவியல் நூல்கள் இந்தப் பிழையான வடிவத்தையே ஏற்றுக்கொண்டன. இன்றுவரை அதுதான் அதிகாரப்பூர்வமான பெயர்.

பெதானின் குத்து நியாயமற்றது என்றே சொல்ல வேண்டும். தவறு செய்தவர் எட்டு ஆண்டுகளுக்கு முன்பே அதைத் திருத்திவிட்டார். உண்மையான தோரியத்தைக் கண்டு சொல்லியும் மூன்று ஆண்டுகள் ஆகிவிட்டன. அதன் பிறகு ஒரு கனிமத்தின் நெற்றியில் அவருடைய பழைய பிழையை எழுதி வைப்பது அறிவியலுக்குத் தேவையற்ற வேலை.

இதைவிட முக்கியமான ஒன்றைப் பெதான் அறிந்திருக்க வழியில்லை. 1824-இல் இட்ரியம் ஆக்சைடு என்று எல்லோரும் நம்பியது ஒற்றைப் பொருளே அல்ல. சுவீடனின் இட்டெர்பி கிராமத்துக் கரிய கனிமத்திலிருந்து யோகான் கடோலின் 1794-இல் முதலில் இனங்கண்ட அந்த ஆக்சைடை, பெர்செலியஸின் மாணவர் கார்ல் குஸ்தாவ் மொசாண்டர் 1843-இல் மூன்றாகப் பிரித்துக் காட்டினார். இட்ரியத்தோடு டெர்பியமும் எர்பியமும் தனித்தனியே வெளிவந்தன. பிறகு ஒவ்வொன்றாக வந்தன: 1878-இல் இட்டெர்பியம், அதை ஒட்டி ஹோல்மியமும் தூலியமும், 1886-இல் டிஸ்புரோசியம், 1907-இல் லுட்டீசியம். இவற்றைப் பிரித்தெடுக்கப் பயன்பட்டவை பெரும்பாலும் வேறு கனிமங்கள். ஆனால் இந்த ஏழு தனிமங்களும் இயற்கைச் செனோடைமுக்குள் கூடியும் குறைந்தும் இருக்கின்றன. பெர்செலியஸ் கையில் வைத்திருந்த வெள்ளைப் பொருளில் அறியப்படாத தனிமம் உண்டு என்ற ஊகம் ஒரு வகையில் உண்மையாகவே இருந்தது. அவற்றைப் பிரித்துப் பார்க்கும் வழிதான் அந்தக் காலத்தில் இல்லை. இதே கனிமம் வேறு வேறு இடங்களில் கிடைத்தபோது வைசரின், ஹுசகைட் என்று புதுக் கனிமங்களாக அறிவிக்கப்பட்டு, பின்னர் செனோடைமே என்று தெரிய வந்ததும் உண்டு. பலரையும் இடற வைத்த கல் அது.

இன்னொரு தொடர்பை எக்ஸ் கதிர்ப் படிகவியல் வந்த பிறகே காண முடிந்தது. செனோடைம், சிர்க்கான், தோரைட் மூன்றுக்கும் படிகக் கட்டமைப்பு ஒன்றே. முதலாவது பாஸ்பேட், மற்ற இரண்டும் சிலிக்கேட்; ஆனாலும் அணுக்கள் அடுக்கப்பட்ட முறை மாறவில்லை. பெர்செலியஸ் தோரியத்தைப் பொய்யாகக் கண்ட கல்லும் மெய்யாகக் கண்ட கல்லும் ஒரே அச்சில் வார்த்தவை.

கட்டமைப்பைத் தீர்மானிப்பது அயனியின் அளவு. அருமண் வரிசையில் லாந்தனத்திலிருந்து லுட்டீசியம் வரை போகப் போக அயனி சுருங்கிக்கொண்டே வரும். இட்ரியமும் டெர்பியம் முதலான சிறிய அயனிகளும் பாஸ்பேட்டோடு சேர்ந்தால் எட்டு ஆக்சிஜன்கள் சூழ்ந்த செனோடைம் உருவாகும். சீரியம், லாந்தனம், நியோடிமியம் போன்ற பெரிய அயனிகளுக்கு அந்த இடம் போதாது. அவை ஒன்பது ஆக்சிஜன்கள் சூழ்ந்த வேறொரு கட்டமைப்பை நாடும், அதுதான் மோனசைட். இட்ரியத்தை வேறு தனிமம் விஞ்சிய செனோடைம் வகைகளும் உண்டு. இட்ரியத்தைவிட இட்டெர்பியம் மிகுந்த செனோடைம் வகை கனடாவின் மனிடோபா மாநிலத்தில் கிடைத்து 1999-இல் தனிக் கனிமமாக விவரிக்கப்பட்டது. இரு கட்டமைப்புகளின் எல்லையில் நிற்கும் கடோலினியம் மிகுந்த வகை ஸ்லோவாக்கியாவில் கிடைத்தது.

மோனசைட் தமிழ் வாசகர்களுக்கு நெருக்கமான கனிமம். அதற்குப் பெயரிட்டவர் ஜெர்மானியரான பிரைட்ஹாப்ட், ஆண்டு 1829. தோரியம் அறிவிக்கப்பட்ட அதே ஆண்டு. யூரல் மலைப் பகுதியில் ஒற்றை ஒற்றையாகக் கிடைத்த படிகங்களைப் பார்த்து, தனித்திருத்தல் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து பெயரை அமைத்தார். 1909-இல், திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான தென்னங்கயிற்றில் ஒட்டியிருந்த மணலைப் பின்தொடர்ந்து வந்த ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர், மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் மோனசைட் கரை கரையாகக் குவிந்திருப்பதைக் கண்டார். தனித்திருப்பது என்ற பெயர் அந்தக் கடற்கரைக்குக் கொஞ்சமும் பொருந்தாது. குமரி மாவட்டத்தார் கருமணல் என்று சொல்லும் அம்மணலில் இல்மனைட், ரூட்டைல், கார்னெட், சிர்க்கான் ஆகியவற்றோடு மோனசைட் கலந்திருக்கிறது. உலகின் முக்கியமான தோரியத் தாதும் அதுவே.

செனோடைமின் மதிப்பை நிலவியலர்கள் வேறொரு வழியில் கண்டுகொண்டார்கள். படிகம் உருவாகும்போது யுரேனியத்தை உள்ளே ஏற்றுக்கொள்ளும், ஈயத்தைப் பெரும்பாலும் ஏற்காது. ஆகவே பிற்காலத்தில் அதற்குள் காணும் ஈயம் ஏறத்தாழ முழுவதும் யுரேனியமும் தோரியமும் சிதைந்து பிறந்தது. யுரேனியம், ஈயம் இரண்டின் விகிதத்தை அளந்தால் வயது தெரிந்துவிடும். சிர்க்கானிலும் இதையே செய்கிறார்கள். ஆனால் மணற்பாறையின் வயதைச் சொல்லச் சிர்க்கானால் முடிவதில்லை. மணற்பாறைக்குள் இருக்கும் சிர்க்கான் துகள் எங்கோ அழிந்த பழைய மலையிலிருந்து வந்தது. அது அந்த மலையின் வயதைத்தான் சொல்லும். மணல் படிந்து புதைந்த காலத்தைச் சொல்ல வேறு சாட்சி வேண்டும்.

மேற்கு ஆஸ்திரேலியாவில் பணியாற்றிய மெக்நாட்டன், ராஸ்முசென், பிளெட்சர் மூவரும் 1999-இல் அந்தச் சாட்சியை முன்வைத்தார்கள். மணல் படிந்து புதையுண்ட சிறிது காலத்திலேயே, இடுக்குகளில் ஊறும் நீரிலிருந்து செனோடைம் வளர்கிறது. கட்டமைப்பு ஒன்றாக இருப்பதால் அது சிர்க்கான் துகளின் மேலேயே தொற்றிக்கொண்டு வளரும். ஒரு மில்லிமீட்டரில் நூறில் சில பங்கு அகலமே உள்ள அந்த மேற்பூச்சை அயனிக் கற்றையால் குறிவைத்து அளந்தார்கள். புதைபடிவங்கள் இல்லாத, எரிமலைச் சாம்பல் அடுக்கும் இல்லாத மிகத் தொன்மையான படிவுப் பாறைகளுக்கும் வயது சொல்ல இதனால் வழி பிறந்தது. மோனசைட்டும் செனோடைமும் ஒரே பாறையில் சேர்ந்து வளர்ந்திருந்தால் இன்னொரு பயனும் உண்டு: மோனசைட் எவ்வளவு இட்ரியத்தை ஏற்றிருக்கிறது என்பதிலிருந்து அந்தப் பாறை வெந்த வெப்பநிலையைக் கணிக்கலாம்.

தொழில்துறைக்கு வேண்டியது இட்ரியமும் அதனோடு வரும் டிஸ்புரோசியம், டெர்பியமும். 1960-களில் வண்ணத் தொலைக்காட்சியின் சிவப்பைப் பிரகாசமாக்கியது யூரோப்பியம் கலந்த இட்ரியம் வனடேட். அதன் படிகக் கட்டமைப்பும் செனோடைமுடையதே. திரவ நைட்ரஜனின் குளிரிலேயே மின்தடை முற்றிலும் நீங்கும் மீக்கடத்தியாக 1987-இல் அறிவிக்கப்பட்ட பொருள் இட்ரியம், பேரியம், செம்பு ஆகியவற்றின் ஆக்சைடு. மின்சாரக் கார் மோட்டார் சூடேறும்போதும் காந்தம் வலுவிழக்காமல் இருக்க டிஸ்புரோசியம் சேர்க்கிறார்கள்.

நெடுங்காலம் செனோடைம் வெள்ளீயத்தின் நிழலிலேயே கிடைத்தது. மலேசியாவின் பேராக் மாநிலத்தில், கிந்தா பள்ளத்தாக்கின் வெள்ளீயச் சுரங்கங்களில் தாதைக் கழுவியெடுத்த பின் மிஞ்சும் கன மணலுக்கு அமாங் என்று பெயர். இல்மனைட், சிர்க்கான், மோனசைட்டோடு செனோடைமும் அதில் உண்டு. 1985-இல் வெள்ளீய விலை சரிந்து சுரங்கங்கள் மூடப்பட்டபோது அமாங் வரத்தும் குறைந்தது. அமாங்கில் தோரியம் உண்டு என்பதால் அதன் கழிவு சாதாரணக் கழிவல்ல. ஈப்போவுக்கு அருகே புக்கிட் மேராவில் இயங்கிய அருமண் ஆலைக்கு எதிராக ஊர்மக்கள் ஆண்டுக்கணக்கில் வழக்காடினார்கள். 1994-இல் ஆலை மூடப்பட்டது.

செனோடைமைக் கரைப்பதும் எளிதல்ல. சூடான அடர் கந்தக அமிலமோ உருக்கிய எரிசோடாவோ வேண்டும். கரைத்த பிறகும் ஒன்றையொன்று ஒத்த தனிமங்களைப் பல படிகளில் பிரிக்க வேண்டும். இதனால், நீர்த்த உப்புக் கரைசலிலேயே அருமண்ணை விட்டுக்கொடுக்கும் தென் சீனக் களிமண் படிவுகள் சந்தையைப் பிடித்துக்கொண்டன. 2025 ஏப்ரலில் இட்ரியம், டிஸ்புரோசியம் உள்ளிட்ட ஏழு அருமண் தனிமங்களின் ஏற்றுமதிக்குச் சீனா கட்டுப்பாடு விதித்த பிறகு, மேற்கு ஆஸ்திரேலியாவின் பிரௌன்ஸ் ரேஞ்ச், நமீபியாவின் லோஃப்டால் போன்ற செனோடைம் படிவுகள் மேலும் கவனம் பெறுகின்றன.

இந்தியாவின் நிலையும் இங்கேதான் சிக்குகிறது. மணவாளக்குறிச்சி, கேரளத்தின் சவறா கரைகளின் மோனசைட்டில் இருப்பவை பெரும்பாலும் லாந்தனம், சீரியம், நியோடிமியம் போன்ற இலகு அருமண் தனிமங்கள். பெரிய அயனிகளுக்கான கட்டமைப்பு என்பதால் டிஸ்புரோசியம் அதில் மிகக் குறைவு. கன அருமண்ணுக்குச் செனோடைம் வேண்டும். சத்தீஸ்கர், ஜார்க்கண்ட் மாநிலங்களின் ஆற்றுப் படுகைகளில் அது இருப்பதை அணுக் கனிமங்கள் இயக்குநரகம் கண்டறிந்துள்ளது. ஆற்று மணலைக் கழுவி எடுக்கும் கன மணலைக் காந்தப் பிரிப்பானில் ஓடவிட்டால், செனோடைம் மோனசைட்டைவிட வலுவாகக் காந்தத்துக்கு இழுபடும். காந்தத்தால் ஈர்க்கப்படாத சிர்க்கான் பின்தங்கிவிடும். நிறத்தாலும் வடிவாலும் குழப்பும் இரண்டு கனிமங்களை ஆலை அளவில் பிரிக்க இந்த வேறுபாடே கைகொடுக்கிறது.