பெரட்டுக் களத்துப் பேச்சு

ஒருவன் மற்றொருவனோடு பேசுங்கால், யார் யாரிடம், எவ்விடத்தில், என்ன பயன் கருதிப் பேசுகிறான் என்று ஆராய்வது இன்று பல்கலைக்கழகங்களில் தனியொரு சாஸ்திரமாக வளர்ந்திருக்கிறது. செய்யுளுக்கு 34 உறுப்புகளை வகுத்த தொல்காப்பியர், அவற்றுள் கூற்றையும் கேட்போரையும் களனையும் காலத்தையும் பயனையும் தனித்தனியே எண்ணி வைத்திருப்பதை அறிந்த தமிழர்க்கு, அச்சாஸ்திரம் முற்றிலும் அந்நியமானதன்று. அவ்வளவுகோலைக் கையிற்கொண்டு செனாய், கூலாய் முதலாய ஜொகூர் வட்டாரங்களின் பழைய ரப்பர்த் தோட்ட வாழ்வை நோக்குவோர்க்கு, அங்கே பேச்சே அந்தஸ்தின் படிக்கட்டாக நின்றமை விளங்கும்.

1909-இல் புகைவண்டிப் பாதை ஜொகூர் பாருவை எட்டிய காலத்தையொட்டிக் காடழித்து ரப்பர் நட்ட தோட்டங்களில், கங்காணிகள் தமிழகத்திலிருந்து அழைத்துவந்த மக்கள் லயங்கள் என்னும் வரிசைக் குடியிருப்புகளிற் குடியேறினர். இருள் பிரியுமுன் பெரட்டுக் களத்தில் அவர்கள் நிரையாக நிற்க, பெயர் கூப்பிடுவதும் அதற்குக் குரல் கொடுப்பதுமே நாளின் முதற் சம்பாஷணையாயிற்று. காய்ச்சலென்றோ, வெட்டுமரத்தில் பால் குறைந்ததென்றோ ஒரு பெண் சொல்ல வேண்டுமானால், அவள் மேற்பார்வையாளனாகிய தண்டலிடம் சொல்ல, தண்டல் எழுத்தராகிய கிராணியாரிடம் சொல்ல, கிராணியார் தோட்ட மேலாளராகிய துரையிடம் ஆங்கிலத்திற் சொல்ல, அவள் துயரம் படிக்குப் படி தேய்ந்தே மேலே சென்றது. மேலிருந்து வந்த கட்டளையோ சிறிதும் தேயவில்லை. இளந்துரைமார் தமிழ் கற்பதற்காகக் கொழும்பில் பெர்குசன் வெளியிட்ட கைந்நூல் ஒன்றின் பெயரே 'இங்கே வா' என்பதாம்.

வாய்திறவாத மரியாதைகளும் உண்டு. துரையோ, தோட்டத்து உத்தியோகஸ்தரோ எதிர்ப்படின் சைக்கிளில் வரும் தொழிலாளி இறங்கி நிற்க வேண்டுமென்பது வழக்கமாயிருந்தது. 1941-இல் ஆர். எச். நாதன் முன்னின்ற கிள்ளான் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில், கூலி உயர்வோடு இவ்வழக்கம் ஒழிய வேண்டுமென்பதும் கோரிக்கையாக எழுந்தது. வயிற்றுக்குச் சமமாக மானத்தையும் வைத்த அக்கோரிக்கையை நம் சரித்திரத்தின் மாண்புமிக்க பக்கமாக நான் மதிக்கிறேன்.

இவ்வாழ்வை அருகிருந்து ஆராய்ந்தவருள் தலையாயவர் மானிடவியலறிஞர் ரவீந்திர ஜெயின். 1960-களின் தொடக்கத்தில் மலாயாத் தோட்டமொன்றில் தங்கி அவர் கண்டவை 1970-இல் நூலாயின. தமிழாராய்ச்சிக்கு நிலைக்களங்களும் வாய்த்தன: மலாயாப் பல்கலைக்கழகத்தில் 1956-இல் இந்தியவியல் துறை தோன்றியது. தனிநாயகம் அடிகளார் 1961-இல் அதன் பொறுப்பேற்றார். 1966-இல் கோலாலம்பூரில் முதல் உலகத் தமிழாராய்ச்சி மாநாடும் கூடியது. ஆயினும், தோட்டத்துப் பேச்சைத் தோட்டத்து மக்களின் வாயிலிருந்தே திரட்டும் பணி இன்னும் போதிய அளவில் நடைபெறவில்லை என்பதே என் அபிப்பிராயம்.

1974-இல் செனாயில் விமான நிலையம் திறக்கப்பட்டது. ரப்பர் நின்ற நிலங்கள் செம்பனையாகவும் தொழிற்பேட்டையாகவும் குடியிருப்பாகவும் மாறின. பெரட்டில் நின்றவர் இன்று முதியோராயினர். செனாய், கூலாய்ப் பகுதி இளைஞர்கள் தத்தம் பாட்டன்மாரிடமும் பாட்டிமாரிடமும் அமர்ந்து, தண்டலை எவ்வாறு விளித்தனர், துரை முன் எச்சொல்லை விழுங்கினர், லயத்துக்குத் திரும்பியபின் எதை வாய்விட்டுப் பேசினர் என்று கேட்டு, அவர்கள் சொன்னவாறே எழுதிவைக்க வேண்டுகிறேன்.